ஸ்பாக் காதை மறைச்சா ஆளே தெரியல: சயின்ஸ் ஃபிக்‌ஷன் கேரிகேச்சர்ல ஒரு டவுட்டு

அரைப்பென்சில்:
வணக்கம் மக்களே. ஆபீஸ் முடிஞ்சு வந்து ராத்திரில ஐபேட்ல கேரிகேச்சர் (ஆளோட சாயல மிகைப்படுத்தி சிரிப்பு வர்ற மாதிரி வரையுற படம்) போட்டு பழகிட்டிருக்கேன். ஸ்டார் வார்ஸ், ஸ்டார் ட்ரெக், பேக் டு த ஃப்யூச்சர்னு பழைய சயின்ஸ் ஃபிக்‌ஷன் பட ஆளுங்கள மட்டும் வச்சு ஒரு செட் முடிக்கணும்னு ஆசை. முதல்ல ஸ்டார் ட்ரெக்ல வர்ற கூர்காது ஸ்பாக் போட்டேன், பாத்தவங்க எல்லாரும் கரெக்டா ஸ்பாக்னு சொல்லிட்டாங்க, எனக்கும் ஒரே குஷி. அப்புறம் என் தங்கச்சி வந்து ரெண்டு காதையும் கட்டைவிரலால மறைச்சுட்டு "இப்ப சொல்லு, இது யாரு?"ன்னா. பாத்தா எங்க தெருமுனை மெடிக்கல் ஷாப் அண்ணன் உக்காந்திருக்காரு. ஸ்பாக்கா நடிச்ச லியோனார்ட் நிமோய் அதுல எங்கயுமே இல்ல.

அதான் கேள்வி. இந்த மாதிரி கேரக்டர்னாலே காது, ஹெல்மெட், கூலிங் கிளாஸ், கலைஞ்ச தலைன்னு ஏதாவது ஒண்ணு நம்மள கரை சேத்துடுது, ஆளு சாயல் வரலன்னாலும் தப்பிச்சுடுறோம். அத நம்பாம முகத்தையே பிடிக்க என்ன வழி? இன்னொண்ணு, ஸ்டார் வார்ஸ் வில்லன் டார்த் வேடருக்கு கருப்பு ஹெல்மெட்தான், முகமே கிடையாது, அங்க எதத்தான் மிகைப்படுத்துறது? ஹெல்மெட்ட ஊதிப் பெருசாக்கிப் பாத்தேன், பொம்மை மாதிரி இருக்கே தவிர சிரிப்பு வரல. "மூக்க பெருசா போடு"ன்னு மட்டும் சொல்லிடாதீங்க, யூட்யூப் பூரா அதையேதான் சொல்றாங்க.

கோடுபோடும்அக்கா:
தம்பி, முதல்ல அந்த தங்கச்சிய விட்டுடாத, அந்த மாதிரி கண்ணு காசு குடுத்தாலும் கிடைக்காது. நான் கல்யாண ரிசப்ஷன்ல லைவ்வா கேரிகேச்சர் போடுறவ, ஒரு ஆளுக்கு அஞ்சு நிமிஷம் கூட கிடைக்காது, பின்னாடி வரிசை நிக்கும், அதனால எனக்கு காதோ ஹெல்மெட்டோ துணைக்கு வர்றதில்ல, முகம் ஒண்ணுதான்.

மேட்னு ஒரு அமெரிக்க கிண்டல் பத்திரிகைல சினிமா பகடிங்களுக்கு வரைஞ்ச டாம் ரிச்மண்ட்னு ஒருத்தர் இருக்காரு. அவர் சொல்ற கணக்கு ரொம்ப சிம்பிள்: ரெண்டு கண்ணு, மூக்கு, வாய், தலையோட வெளி வடிவம், மொத்தம் அஞ்சே வடிவம். இதுல எது பெருசுங்கறத விட, ஒண்ணுக்கொண்ணு எவ்வளவு தள்ளி இருக்கு, எந்தக் கோணத்துல இருக்குங்கறதுதான் ஆள சொல்லும். மூக்கு சாதாரணமா இருக்கிற ஆளுக்கு மூக்க பெருசாக்கினா அது வேற ஆளுதான். இதுக்கு ஆராய்ச்சியும் இருக்கு. 1980கள்ல சூசன் பிரென்னன்னு ஒரு அம்மா கம்ப்யூட்டர்லயே கேரிகேச்சர் போடுற புரோகிராம் எழுதினாங்க, வழி என்னன்னா நிறைய முகத்த கலந்து ஒரு சராசரி முகம், அதுலேர்ந்து இந்த ஆளோட முகம் எங்கெங்க விலகுதோ அந்த விலகல மட்டும் இன்னும் இழுத்து விடுறது. அவ்வளவுதான் சூத்திரமே. 1987ல வந்த ஒரு ஆய்வுல, தெரிஞ்ச ஆளுங்கள உள்ளபடி வரைஞ்ச கோட்டுப்படத்த விட இப்படி இழுத்து விட்ட படத்துல மக்கள் சீக்கிரமா கண்டுபிடிச்சாங்கன்னு வந்துச்சு.

இப்ப நிமோய்க்கு வா. உன் தங்கச்சி காத மறைச்சா, நீ புருவத்தையும் சேத்து மறைச்சுடு. ஏன்னா அதுவும் அவரோடது இல்ல, வெளிப்பக்க பாதி புருவத்த சிரைச்சுட்டு மேக்கப்ல மேல தூக்கி விட்டிருப்பாங்க. காதும் புருவமும் போனா மிச்சம் என்ன இருக்கு? ஒடுங்குன நீள முகம், எலும்பு தெரியுற கன்னம், குழிக்குள்ள போன கண்ணு, மூக்கு ஓரத்துலேர்ந்து வாயத் தாண்டி கீழ வரைக்கும் ஓடுற ரெண்டு ஆழமான கோடு. அந்த ரெண்டு கோடுதான் நிமோய். நான் போட்டா முகத்த நல்லா கீழ இழுத்துடுவேன், தலை மேல்பக்கம் கொஞ்சம் சுருங்கும், ஒரு இடத்துல கூட்டினா இன்னொரு இடத்துல குறைச்சே ஆகணும், எல்லாத்தையும் கூட்டினா அது வெறும் பெரிய தலை. காத கடைசில ஒட்டு. ஸ்பாக் போட்டோவ மூடி வச்சுட்டு மேக்கப் இல்லாத நிமோய் போட்டோ, வயசான காலத்துது கூட எடுத்துக்க, அத வச்சு தீப்பெட்டி சைஸ்ல வேகவேகமா நிறைய போடு, சின்ன சைஸ்ல போட்டாதான் கை டீட்டெயிலுக்கு ஓடாது.

மிட்நைட்டாக்கீஸ்:
அக்கா சொன்னதுக்கு மேல டிராயிங் பத்தி பேச எனக்கு தகுதி இல்ல, நான் படம் பாக்குற கேஸ். ஆனா ஒண்ணு கவனிச்சீங்களா, நீங்க போட நினைக்கிற லிஸ்ட்ல பாதி ஏற்கனவே கேரிகேச்சர்தான். ஸ்டார் வார்ஸ்ல வர்ற பச்சை குட்டி குரு யோடாவ எடுங்க. 1980ல அத செஞ்ச ஸ்டூவர்ட் ஃப்ரீபோர்ன் கண்ணாடில தன் மூஞ்சியவே பாத்து செதுக்கினாரு, கண்ண சுத்தி சுருக்கத்துக்கு ஐன்ஸ்டைன் போட்டோவ வச்சுக்கிட்டாரு. ரெண்டு வருஷம் கழிச்சு ஈ.டி.ங்கிற வேற்றுகிரக ஆளு படம் வருது, கார்லோ ராம்பால்டி செஞ்சது, அந்த முகத்துக்கும் ஐன்ஸ்டைன், ஹெமிங்வே, கவிஞர் கார்ல் சாண்ட்பர்க் மூஞ்சிங்கதான் ஆதாரம். 1985ல பேக் டு த ஃப்யூச்சர் விஞ்ஞானி டாக் பிரவுன், கிறிஸ்டோஃபர் லாய்ட் யாரை மனசுல வச்சு நடிச்சாருன்னா மறுபடியும் ஐன்ஸ்டைன், கூட லியோபோல்ட் ஸ்டோகோவ்ஸ்கின்னு ஒரு மியூசிக் கண்டக்டர். ஆக அஞ்சு வருஷ இடைவெளில வந்த மூணு படத்துலயும் ஒரே மனுஷன் ஒளிஞ்சிருக்காரு, பச்சை கலர்ல, பிரவுன் கலர்ல, வெள்ளை கோட்டுல.

இதுனால உங்களுக்கு என்ன லாபம்னா, யோடாவ இன்னும் பெரிய காதோட போட்டா அது கேரிகேச்சரோட ஜெராக்ஸ், அதான் சிரிப்பு வராது. அதுக்குப் பதிலா பின்னாடி போங்க, யோடாக்குள்ள ஃப்ரீபோர்ன தேடி வெளிய எடுங்க. அவரோட போட்டோவ ஒரு தடவ பாத்தீங்கன்னா அப்புறம் யோடாவ பழையபடி பாக்கவே முடியாது, சத்தியமா சொல்றேன்.

டாக் பிரவுனுக்கு தலைமுடிய விட முதுகுதான் முக்கியம். லாய்ட் ஆறடிக்கு மேல, ஹீரோ மைக்கேல் ஜே. ஃபாக்ஸ் அஞ்சடி நாலு அங்குலம், ரெண்டு பேரும் ஒரே ஃப்ரேம்ல வரணும்னுதான் அவர் கூன் போட்டு நடிச்சாரு, அதுவே கேரக்டரா ஆயிடுச்சு. அந்த வளைவ மட்டும் ஒரே கோட்டுல போட்டு, முடியே இல்லாம விட்டாலும் டாக் தெரிவாரு. முழங்கால் மடிஞ்சு, கழுத்து முன்னாடி வந்து, கண்ணு ரெண்டும் வெளிய குதிக்கிற மாதிரி.

சும்மாவந்தேன்:
இதுக்கு எதுக்கு இவ்ளோ பாடு, ஏஐல "ஃபன்னி கேரிகேச்சர் ஆஃப் ஸ்பாக்"னு டைப் பண்ணா முடிஞ்சுதே 😄

கோடுபோடும்அக்கா:
பண்ணிப் பாருப்பா, நான் பாத்துட்டேன். ஸ்பாக் கேட்டாலும் மேட்ரிக்ஸ் பட நியோ கேட்டாலும் ஒரே பெரிய தலை, ஒரே பளபள கண்ணு, சின்ன உடம்பு. சட்டைய மாத்திவிட்டா யாரு யாருன்னே தெரியாது. தம்பி எந்த சிக்கலச் சொல்லி கேள்வி கேட்டாரோ அதே சிக்கல அது இன்னும் ஷோக்கா பண்ணித் தருது, வேற ஒண்ணும் இல்ல.

அழிரப்பர்:
டார்த் வேடர் கேள்விக்கு யாரும் வரலயா, நான் வரேன். நான் களிமண்ல பொம்மை செய்யுற ஆளு, இந்த ஹெல்மெட்டோட ரொம்ப நாள் மல்லுக்கட்டியிருக்கேன்.

ப்ரோ, நீங்க ஐபேட்ல சிமெட்ரி ஆன் பண்ணி பாதி ஹெல்மெட் வரைஞ்சு மறுபாதிய தானா வர விட்டிருப்பீங்க, அடிச்சு சொல்றேன். 1977ல வந்த முதல் ஸ்டார் வார்ஸ் படத்து ஹெல்மெட்ட கையால செதுக்கினவர் பிரையன் மியூர், அது இடமும் வலமும் ஒண்ணா இருக்காது. ஸ்டில்ல ஸ்க்ரீன்ல வச்சு நடுவுல ஒரு கோடு போட்டுப் பாருங்க, தெரியும். அந்த கோணல்லதான் அது ஏதோ யோசிக்கிற மாதிரி, முறைக்கிற மாதிரி ஒரு உயிர் வருது. சிமெட்ரிய அணைச்சுட்டு அந்த கோணல மிகைப்படுத்துங்க, ஒரு பக்கத்த லேசா தொங்க விடுங்க, உங்களுக்கு வேணுங்கிற எக்ஸ்பிரஷன் அதுல கிடைக்கும்.

ரெண்டாவது, முகம் அசையாத கேரக்டருக்கு காமெடி முகத்துல இல்ல, தலை சாயுற விதத்துலயும் தோள்லயும் இருக்கு. நம்ம முகமூடி கட்டி ஆடுறவங்களப் பாருங்க, முகமூடி அப்படியேதான் இருக்கும், கழுத்த ஒரு இஞ்ச் திருப்பினா கோவம், கீழ இறக்கினா வெக்கம். வேடரும் அதேதான். ஹெல்மெட் கொஞ்சம் கீழ பாக்கட்டும், ரெண்டு தோளும் சரியட்டும், கையில லைட்சேபர்ங்கிற ஒளிவாளுக்குப் பதிலா கரண்ட் பில்லு, போதும். அவ்ளோ பெரிய உருவம் (உள்ள நடிச்ச டேவிட் ப்ரவுஸ் ஆறரை அடி) ஒரு துண்டு பேப்பர் முன்னாடி தோத்து நிக்குதுன்னா அங்க வருது சிரிப்பு.

ஹெல்மெட்ட ஊதிப் பெருசாக்குறதும் தப்புன்னு இல்ல, மெல் புரூக்ஸ் 1987ல ஸ்டார் வார்ஸ கிண்டலடிச்சு எடுத்த ஸ்பேஸ்பால்ஸ்ல அதத்தான செஞ்சாரு. ஆனா அதுக்கு கீழ ரிக் மொரானிஸ்னு சின்ன உருவம், கண்ணாடி வேற போட்டுக்கிட்டு, மூச்சு முட்டுதுன்னு மூடிய தூக்கிவிட்டு பேசுவாரு. பெருசும் சின்னதும் பக்கத்துல இருந்தாதான் வேலை செய்யும். ஸ்டார் வார்ஸ்ல உடம்பு பூரா முடியா வர்ற சூபாக்காவா நடிச்ச பீட்டர் மேஹ்யூ 7 அடி 3 அங்குலம், குட்டி ரோபோ ஆர்2டி2 உள்ள இருந்த கென்னி பேக்கர் 3 அடி 8 அங்குலம், இந்த ரெண்டையும் ஒரே பக்கத்துல போட்டுட்டு ஒருத்தர் முட்டி வரைக்கும்தான் இன்னொருத்தர்னு வச்சுப் பாருங்க.

அப்புறம் ஒரு இலவச ஐடியா: முதல் ஸ்டார் வார்ஸ் படத்துலயே ஒரு ஸ்டார்ம்ட்ரூப்பர் (வெள்ளை கவசம் போட்ட வில்லன் சிப்பாய்) கதவுல மண்டைய இடிச்சுக்குவான், எடிட்டிங்ல தப்பி அப்படியே வந்துடுச்சு, 2004 டிவிடில அதுக்கு டங்குன்னு சவுண்டே சேத்தாங்க. வரிசையா நிக்கிற ஸ்டார்ம்ட்ரூப்பர்ல ஒருத்தனுக்கு மட்டும் ஹெல்மெட்ல நசுங்கல் போடுங்க. தெரிஞ்சவன் விழுந்து விழுந்து சிரிப்பான்.

அரைப்பென்சில்:
ஐயோ சிமெட்ரி விஷயத்த எப்படி ப்ரோ கண்டுபிடிச்சீங்க 😅 நேத்து ராத்திரி அணைச்சுட்டு போட்டேன், வேடர் லேசா சோகமா இருக்காரு, கரண்ட் பில்லும் குடுத்துட்டேன். நிமோய்க்கு அக்கா சொன்ன ரெண்டு கோடும் போட்டாச்சு, தங்கச்சி "இப்ப ஏதோ ஆளு மாதிரி இருக்கு"ன்னு சொல்லியிருக்கா, அவ அகராதில அது பெரிய பாராட்டு.

இன்னொரு சந்தேகம். இதெல்லாம் முடிஞ்சதும் ஸ்டிக்கரா அடிச்சு காமிக் கான் மாதிரி ரசிகர்கள் கூடுற இடத்துல ஒரு டேபிள் போட்டு விக்கலாம்னு பிரெண்டு சொல்றான். பெரிய கம்பெனி வக்கீல் நோட்டீஸ் விடுமா?

மிட்நைட்டாக்கீஸ்:
இதுக்கு ஒரு அருமையான கதை இருக்கு. எம்பயர் ஸ்ட்ரைக்ஸ் பேக்ங்கிற ரெண்டாவது ஸ்டார் வார்ஸ் படத்துக்கு மேட் பத்திரிகை 1981 ஜனவரி இதழ்ல பகடி போட்டுச்சு, படம் வரைஞ்சது மார்ட் ட்ரக்கர், எழுதினது டிக் டிபார்ட்டோலோ. படத்தோட கம்பெனி லூகாஸ்ஃபில்ம் சட்டப் பிரிவுலேர்ந்து சூடா ஒரு மிரட்டல் கடிதம் வருது. அதே சமயத்துல ஸ்டார் வார்ஸ உருவாக்கின ஜார்ஜ் லூகாஸ்கிட்டேர்ந்து தனியா இன்னொரு கடிதம், ரெண்டு பேரையும் டாவின்சி, பெர்னார்ட் ஷா ரேஞ்சுக்கு தூக்கி வச்சுட்டு ஒரிஜினல் படத்த விலைக்குக் கேக்குறாரு. மேட்காரங்க என்ன பண்ணாங்க, லூகாஸ் கடிதத்த ஒரு காப்பி எடுத்து வக்கீலுக்கே அனுப்பிட்டாங்க, மேட்டர் க்ளோஸ். இத்தனைக்கும் ட்ரக்கர் லூகாஸுக்கு புது ஆளும் இல்ல, 1973ல அமெரிக்கன் கிராஃபிட்டி போஸ்டரே அவர் வரைஞ்சதுதான்.

ஆனா ஸ்டிக்கர் வேற கதை. ஸ்பேஸ்பால்ஸ் எடுக்க ஓகே சொன்ன அதே லூகாஸ், பொம்மை கிம்மைன்னு சரக்கு எதுவும் விக்கக் கூடாதுன்னு கண்டிஷன் போட்டாருன்னு மெல் புரூக்ஸே சொல்லியிருக்காரு. கிண்டல் பண்ணிக்கோ, என் கடைக்கு எதிர்ல கடை போடாதங்கறதுதான் சாரம். அமெரிக்காவுல பகடிக்கு 1994 சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு ஒண்ணு துணைக்கு இருக்கு, நம்ம ஊர் காப்பிரைட் சட்டம் 52வது பிரிவுல விமர்சனத்துக்கு விலக்கு உண்டு, பகடின்னு தனியா பேர் சொல்லி எதுவும் கிடையாது. அதனால வரைஞ்சு போடுங்க, சிரிங்க, விக்கிறதுக்கு முன்னாடி தெரிஞ்ச வக்கீல் ஒருத்தர கேட்டுடுங்க.

கோடுபோடும்அக்கா:
விக்கிறத அப்புறம் பாத்துக்கலாம், செட்ட முடி முதல்ல. ஹெல்மெட் காது எதுவும் இல்லாத ஆளு ஒண்ணு போடு, ஸ்டார் வார்ஸ்ல ஹாரிசன் ஃபோர்டு நடிச்ச ஹான் சோலோ எடு. ஹாரிசன் ஃபோர்டு மாதிரி லட்சணமான முகம்தான் ரொம்ப கஷ்டம், எங்கயுமே பிடி குடுக்காது. தாடைல ஒரு தழும்பு இருக்கும் பாரு, இருபத்திச் சொச்சம் வயசுல கார் ஆக்சிடென்ட்ல பட்ட நிஜத் தழும்பு, மேக்கப் இல்ல. அங்க ஆரம்பிச்சு, மூக்கு எந்தப் பக்கம் சாயுது, சிரிப்பு எந்தப் பக்கம் ஏறுதுன்னு பாரு. போட்டுட்டு இங்கயே ஏத்து, ஆனா கோட்டு, துப்பாக்கி, பின்னாடி ஸ்பேஸ்ஷிப் எதுவும் வேணாம், கழுத்துக்கு மேல மட்டும்.

சும்மாவந்தேன்:
அந்த கரண்ட் பில்லு வேடர முதல்ல ஏத்துங்கய்யா, வாட்ஸ்ஆப் டிபி வைக்கணும்.