விழுந்து எழுந்தவர்களின் படங்கள்: உங்களோடு தங்கிவிட்ட காட்சி எது?

போன வருடம் கால் எலும்பு முறிந்து, பிளேட் வைத்து, மூன்று மாதம் படுக்கையில் கிடந்தேன். பார்க்க வந்தவர்கள் ஆளுக்கொரு படம் சொல்லிவிட்டுப் போனார்கள். எல்லாம் ஒரே சாயல்: விழுவான், அழுவான், எழுவான், கடைசியில் கைதட்டல். நன்றாகத்தான் இருந்தன. ஆனால் மறுநாள் காலை பிசியோ வந்து முட்டியை மடக்கச் சொல்லும்போது அந்தக் கைதட்டல் ஒன்றும் கைகொடுக்கவில்லை.

கைகொடுத்தது ‘டச்சிங் தி வாய்ட்’ (2003). பெரு நாட்டின் சியூலா கிராண்டே மலை, 1985. ஜோ சிம்ப்சன், சைமன் யேட்ஸ் இருவரும் உச்சி தொட்டு இறங்கும்போது ஜோவின் கால் முறிகிறது. சைமன் அவரைக் கயிற்றில் கட்டிக் கொஞ்சம் கொஞ்சமாக இறக்குகிறார். இனி இரண்டு பேரும் சாக வேண்டியதுதான் என்ற நிலையில் கயிற்றை அறுக்கிறார். ஜோ பனிப்பிளவுக்குள் விழுந்தும் பிழைத்து, தவழ்ந்தே முகாம் வருகிறார். கயிற்றை அறுத்தது சரியா தப்பா என்ற பட்டிமன்றத்தை விடுங்கள். எனக்குத் தங்கியது ஜோவின் கைக்கடிகாரம். எதிரே தெரியும் ஏதோ ஒன்றைக் குறித்துக்கொண்டு, 20 நிமிடத்துக்குள் அங்கே போய்விட வேண்டும் என்று கணக்கு வைப்பார். முன்னதாகப் போனால் குஷி. இரண்டு நிமிடம் பிந்தினால் தன்மேலேயே கோபம். நடுவில் தலைக்குள் போனி எம் என்ற டிஸ்கோ குழுவின் பாட்டு ஒன்று விடாமல் ஓடுகிறது. அவருக்குப் பிடிக்காத பாட்டு வேறு. இதைக் கேட்டுக்கொண்டா சாக வேண்டும் என்று எரிச்சல்படுவார்.

எனக்குக் கொடுத்த பயிற்சி இதுதான்: குதிகாலுக்கு அடியில் துண்டைக் கொடுத்து, இரண்டு முனையையும் பிடித்துத் தன்பக்கமாக இழுக்க வேண்டும். 62 டிகிரியில் போய் முட்டி நின்றுவிட்டது. 90 வர வேண்டும் என்றார் பிசியோ. படுக்கை விரிப்பில் வரிசை வரிசையாகப் பூ அச்சு இருந்தது. 90-ஐ மறந்துவிட்டு, குதிகால் அடுத்த பூவைத் தொட்டால் போதும் என்று வைத்துக்கொண்டேன். ஒரு பூவுக்கு மூன்று நாள் ஆனது. என் தலைக்குள் ஓடியது ஒரு சோப்புத்தூள் விளம்பரப் பாட்டு.

உங்களுக்கு எது? படத்தின் பெயரை மட்டும் போட்டுவிட்டு ஓடாமல் காட்சியைச் சொல்லுங்கள்.

* * *

எனக்கு நேர்ந்தது கொஞ்சம் வெட்கக்கேடு. ‘127 ஹவர்ஸ்’ (2010) தியேட்டரில் பார்க்கப் போய் மயங்கி விழுந்தேன். நம்ம ரஹ்மான் இசை என்று நான்தான் நண்பர்களை இழுத்துக்கொண்டு போனேன். பாறையில் மாட்டிய தன் கையை நாயகன் தானே வெட்டிக்கொள்ளும் காட்சியில், எலும்பை உடைக்கும்வரை தாங்கினேன். நரம்பைத் தொடும்போது ஒரு கிறீச் சத்தம் கொடுத்திருப்பார்கள் பாருங்கள், அங்கே ஆள் காலி.

பிறகு வீட்டில் அந்த இடத்தை மட்டும் ஓட்டிவிட்டு மீதியைப் பார்த்தேன். தங்கியது வேறு காட்சி. நாயகன் ஆரன் ரால்ஸ்டன் கை பாறை இடுக்கில் மாட்டிக்கிடக்க, கேமராவைப் பார்த்துத் தனக்குத்தானே பேட்டி எடுத்துக்கொள்வார். நீ எங்கே போகிறாய் என்று யாரிடமாவது சொன்னாயா என்று ஒரு குரலில் கேள்வி. சொல்லவில்லையே என்று இன்னொரு குரலில் அசட்டுப் பதில். அந்த அசட்டுத்தனத்தில்தான் எனக்கு வயிற்றைக் கலக்கியது. நானும் தனியாகக் காடு, மலை என்று கிளம்புகிற ஆள். இப்போது எந்தப் பாதை, எத்தனை மணிக்குத் திரும்புவேன் என்று அண்ணனுக்குச் செய்தி போட்டுவிட்டுத்தான் ஷூவையே மாட்டுகிறேன்.

* * *

அப்பாவுக்கு கில்லன்-பாரே வந்தது. உடம்பின் எதிர்ப்புச் சக்தி சொந்த நரம்புகளையே தாக்கும் நோய். கை, கால் அசையாது, தொண்டையில் மூச்சுக்குழாய், பேச்சு கிடையாது. ஆனால் புத்தி முழுத் தெளிவு. கண் மட்டும் எங்களையே சுற்றிச் சுற்றி வரும்.

‘தி டைவிங் பெல் அண்ட் தி பட்டர்ஃப்ளை’ (2007) நான் கல்லூரியில் பார்த்த படம். பிரான்ஸின் ‘எல்’ ஃபேஷன் பத்திரிகையின் ஆசிரியர் ஜான் டொமினிக் போபிக்கு 1995 டிசம்பரில் பக்கவாதம். இடது கண்ணிமை தவிர கிட்டத்தட்ட எதுவும் அசையாது. பிரெஞ்சில் அதிகம் புழங்கும் எழுத்து முதலில் வரும்படி ஒரு வரிசை வைத்து ஒருவர் வாசிக்க, வேண்டிய எழுத்தில் அவர் கண் சிமிட்டுவார். இப்படியே ஒரு புத்தகத்தை முடித்தார். 1997-இல் அது வெளிவந்த சில நாட்களில் இறந்துபோனார்.

சரி, நாமும் செய்வோம் என்று உட்கார்ந்தால், தமிழில் 247 எழுத்து! வாசித்து முடிப்பதற்குள் அப்பா தூங்கிவிடுவார். அப்புறம் அக்காதான் வழி கண்டுபிடித்தாள். “உயிரா? வல்லினமா? மெல்லினமா? இடையினமா?” முதலில் இவ்வளவுதான் கேள்வி. உயிருக்குச் சிமிட்டினால் பன்னிரண்டு எழுத்து, மற்றதற்கு அந்த இனத்தின் ஆறெழுத்து. அப்புறம் புள்ளியா, இல்லையென்றால் அ, ஆ, இ, ஈ... அப்பா தமிழ் வாத்தியார், அட்டவணையே தேவைப்படவில்லை.

அவர் சொன்ன முதல் வார்த்தை ‘த’ என்று ஆரம்பித்தது. வல்லினம், நான்காவது. அடுத்தது இடையினம், மூன்றாவது, ஐகாரம். ‘தலை’. அவ்வளவுதான், தலைவலி என்று நர்ஸிடம் ஓடினோம். மாத்திரை கரைத்துக் குழாயில் கொடுத்தார்கள். அப்பா கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு எங்களைப் பார்க்கவே மறுத்துவிட்டார். சாயங்காலம் மறுபடி ஆரம்பித்தபோது தான் முழுசாக வந்தது: தலையணை. கழுத்துக்கு அடியில் மடிந்து கிடந்திருக்கிறது, காலையிலிருந்து.

* * *

நான் கொஞ்சம் முரணாக எழுதப்போகிறேன், கோபிக்க வேண்டாம்.

புற்றுநோய் சிகிச்சையில் இருந்தபோது இந்த மாதிரிப் படங்களைச் சிபாரிசு செய்தவர்கள் மேல் எனக்கு ஆத்திரம் வந்திருக்கிறது. “மனசு வைத்தால் ஜெயிக்கலாம்” என்பார்கள். பக்கத்துக் கட்டிலில் இருந்த பெண்ணும் மனசு வைத்தாள்தானே? என்னைவிட அதிகமாகவே வைத்தாள். மூன்றாவது கீமோவுக்கு அவள் வரவில்லை.

ஒரே ஒரு படம் அந்த விஷயத்தில் நேர்மையாக இருந்தது, ‘சொசைட்டி ஆஃப் தி ஸ்னோ’ (2023). 1972 அக்டோபர் 13, ஆண்டிஸ் மலையில் விழுந்த உருகுவே விமானம். 45 பேரில் 16 பேர் மிஞ்சினார்கள், 72 நாள் கழித்து. பர்ராடோவும் கனேஸ்ஸாவும் பத்து நாள் மலை கடந்து நடந்து உதவி கொண்டுவந்தார்கள். வழக்கமாக இந்தக் கதையை அந்த இருவரில் ஒருவர்தானே சொல்ல வேண்டும்? இதில் கதை சொல்லும் குரல் நூமா துர்கத்தியுடையது. அவர் மீட்புக்குச் சில நாள் முன்பு செத்துப்போகிறார். குரல் மட்டும் தொடர்கிறது. ஒவ்வொருவர் இறக்கும்போதும் பெயரும் வயதும் திரையில் வரும். மற்ற 29 பேரும் முயற்சி போதாமல் செத்தவர்கள் இல்லை என்று எனக்கு யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. இந்தப் படம் சொன்னது. பெயர்கள் வரும்போதெல்லாம் நான் நிறுத்தி நிறுத்தி வாசித்தேன்.

* * *

கொரோனாவில் தனி அறையில் 14 நாள். ஆளில்லாத் தீவில் தனியாக மாட்டிக்கொண்டவரின் கதையான ‘காஸ்ட் அவே’ (2000) பார்த்தேன். தீவில் இருக்கும்வரை பின்னணி இசையே கிடையாது, கவனித்திருக்கிறீர்களா? தீவை விட்டுக் கிளம்பிய பிறகுதான் இசை வரும். என் அறையிலும் அப்படித்தான் இருந்தது. அவருக்குப் பேச்சுத்துணை கைப்பந்து வில்சன், எனக்குத் தண்ணீர் பாட்டில். மூடி திறக்க மறுத்தால் சண்டைகூடப் போட்டேன்.

* * *

முதலில் எழுதியவன்தான். பக்கத்துக் கட்டில் பற்றி எழுதியவருக்கு: கோபம் எதற்கு, நான் சொல்லத் தெரியாமல் விட்டதைச் சொல்லியிருக்கிறீர்கள். தமிழ் வாத்தியாரின் பிள்ளைக்கு: அப்பா இப்போது எப்படி இருக்கிறார்? என் முட்டி 118-இல் நிற்கிறது. விரிப்பில் பூ தீர்ந்துவிட்டது.

* * *

கேட்டதற்கு நன்றி. அப்பா பேசுகிறார், வாக்கர் வைத்து வாசல்வரை நடக்கிறார். போன மாதம் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். கால்வாசியில் நிறுத்தச் சொல்லிவிட்டார். பழசு ஞாபகம் வந்து கஷ்டமாகிவிட்டதோ என்று பயந்துபோனேன். அதெல்லாம் இல்லை. “ஒவ்வொரு எழுத்தாக முழு வரிசையையும் வாசிக்கிறார்கள் பார், பாவம்” என்றார். “இனம் பிரிக்கத் தெரியவில்லை.”