91 பகா எண்ணா? ஐந்தாம் வகுப்பு மகளுக்கு எப்படிப் புரிய வைப்பது?

கேள்வி: பாபநாசத்து அம்மா

தஞ்சாவூர் மாவட்டம் பாபநாசத்துக்குப் பக்கத்துக் கிராமம் எங்களுடையது. மகள் ஐந்தாவது படிக்கிறாள். ‘பகா எண்களை வட்டமிடு’ என்ற கணக்கில் 9, 51, 91 மூன்றையும் வட்டமிட்டு, மூன்றுக்கும் சிவப்பு மையில் தப்பு வாங்கி வந்தாள். 2-ஐ வட்டமிடவே இல்லை. கேட்டால், “ஒற்றைப்படைன்னா பகா எண்தானேம்மா” என்கிறாள். டியூஷனில் அப்படித்தான் சொன்னார்களாம்.

9-ஐ மும்மூன்றாகப் பிரித்துக் காட்டினேன், ஒப்புக்கொண்டாள். 91-க்கு வந்ததும் எனக்கே தடுமாற்றம். ஒன்று முதல் பத்து வரை வாய்ப்பாடு கடகடவென்று சொல்லுவாள், ஒவ்வொன்றும் பத்தாவது வரியோடு நின்றுவிடும். “எந்த வாய்ப்பாட்டுலயும் 91 வரலையே” என்கிறாள். அவள் கேட்பது நியாயம்தானே?

100-க்குள் இருக்கும் 25 பகா எண்களையும் மனப்பாடம் பண்ணச் சொல்லியிருக்கிறார்கள். பண்ணிவிடுவாள். ஏன் என்று தெரியாமல் ஒப்பிக்க வைக்கத்தான் எனக்கு மனசு வரவில்லை. 1 ஏன் அதில் இல்லை என்றும் கேட்கிறாள். யாராவது சொல்லுங்கள்.

பதில்: ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியர், கும்பகோணம்

அம்மா, உங்கள் மகள் வாய்ப்பாட்டில் தேடினாள் பாருங்கள், அது சரியான வழி. வாய்ப்பாடு சீக்கிரம் நின்றுவிட்டது, அவ்வளவுதான். ஏழாம் வாய்ப்பாட்டின் பதின்மூன்றாவது வரியில் 91 இருக்கிறது. மூன்றாம் வாய்ப்பாட்டின் பதினேழாவது வரியில் 51.

நோட்டை மூடிவிட்டுப் புளியங்கொட்டையை எடுங்கள். 12 கொட்டையை வரிசை குறையாமல் செவ்வகமாக அடுக்கச் சொல்லுங்கள். ஆறு ஆறாக இரண்டு வரிசை வரும், நான்கு நான்காக மூன்று வரிசை வரும். 13-ஐ அடுக்கச் சொன்னால் ஒரே நீள வரிசைதான். வேறு எப்படி வைத்தாலும் மீதி நிற்கும். பகுக்க முடியாததால்தான் அது பகா எண். பெயரிலேயே பொருள் இருக்கிறது. அதைப் பிள்ளைக்குச் சொல்லாமல் பட்டியலை மட்டும் கொடுப்பது எனக்கு என்றுமே பிடித்ததில்லை. 2 இரட்டைப்படைதான், ஆனாலும் அதற்கும் ஒரே வரிசைதான்.

பகா எண்ணுக்குக் காரணிகள் சரியாக இரண்டு: 1-ம் அதே எண்ணும். 1-க்கு ஒரே ஒரு காரணி, அதனால் சேராது. சேர்த்தால் இன்னொரு சங்கடம் உண்டு. 12-ஐப் பகா எண்களாக உடைத்தால் 2×2×3, ஒரே விடை. 1-ஐயும் சேர்த்தால் 1×2×2×3, 1×1×2×2×3 என்று முடிவில்லாமல் எழுதிக்கொண்டே போகலாம்.

இனி 100 வரைக்கும் வழி. இரட்டைப்படை என்றால் 2-ஆல் வகுபடும். கடைசி இலக்கம் 5 என்றால் 5-ஆல். இலக்கங்களைக் கூட்டினால் 3-இன் மடங்கு வந்தால் 3-ஆல்; 51-க்கு 5+1=6, 87-க்கு 8+7=15. (2, 3, 5 மட்டும் தாமே பகா எண்கள்.) இந்த மூன்று சோதனையிலும் சிக்காமல் தப்பிக்கும் பகு எண்கள் 100-க்குள் மூன்றே மூன்று: 49, 77, 91. மூன்றும் ஏழின் பிள்ளைகள். 11-ஐச் சோதிக்கத் தேவையில்லை, ஏனென்றால் 11×11=121. அதற்குக் கீழே 11-இன் மடங்கு எதுவானாலும் அதைவிடச் சின்ன காரணி ஒன்று முன்னமே காட்டிக்கொடுத்துவிடும்.

எங்கள் ஊரில் வளர்ந்த ராமானுஜன் 1915-இல் எழுதிய பெரிய கட்டுரை இதற்கு நேர் எதிர்ப்பக்கம்: தன்னைவிடச் சிறிய எந்த எண்ணையும்விட அதிகக் காரணிகள் கொண்ட எண்கள். 12-க்கு ஆறு காரணிகள், 60-க்குப் பன்னிரண்டு. எத்தனை செவ்வகம் வரும் என்று அவளையே எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள்.

பதில்: மன்னார்குடி, கல்லூரி மாணவன்

அக்கா, சார் சொன்னதோடு ஒன்று. 7-ஆல் வகுபடுமா என்று பார்க்க, கடைசி இலக்கத்தை இரட்டித்து மீதி எண்ணிலிருந்து கழிக்கணும். 91-க்கு 9-இலிருந்து 2 போனால் 7, வகுபடும். 97-க்கு 9-இலிருந்து 14 கழித்தால் −5, வகுபடாது. கழித்தல் குறி அவளுக்குக் குழப்பும் என்றால் நேராகவே வகுத்துப் பார்க்கட்டும்.

பாபநாசத்து அம்மா

ஐயா, தம்பி, இரண்டு பேருக்கும் நன்றி. சாயங்காலம் திண்ணையில் 91 புளியங்கொட்டையை எண்ணிக் கொடுத்தேன். இரண்டிரண்டாக வைத்தாள், ஒன்று மீதி. மும்மூன்றாக வைத்தாள், ஒன்று மீதி. ஐந்தைந்தாக வைத்தாள், அப்போதும் ஒன்று மீதி. “பாத்தியா, பகா எண்தான்” என்று எழுந்தே விட்டாள். ஏழையும் பார்த்துவிடு என்றேன். பதின்மூன்றாவது வரிசையில் கடைசிக் கொட்டை போய் உட்கார்ந்தது. கை வெறுமையாக இருந்தது. விரலை வைத்து வைத்து இரண்டு தடவை எண்ணினாள்.

பிறகு அவளே, “119?” என்று கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை. 28 கொட்டை குறைகிறது என்று பக்கத்து வீட்டுக்குப் போயிருக்கிறாள்.