அம்மாவை ஊருக்குக் கூட்டிப்போக வேண்டும், உதவுங்கள்

வணக்கம். எங்கள் சொந்த ஊர் நாகப்பட்டினம் பக்கம் அக்கரைப்பேட்டை. 2004 டிசம்பர் 26 காலை அலை வந்தபோது தம்பி அம்மாவின் கையைப் பிடித்திருந்தான். கை நழுவிவிட்டது. அடுத்த மாதமே திருப்பூர் வந்துவிட்டோம். மாடித் தொட்டி நிரம்பி வழியும் சத்தம் கேட்டால் அம்மா இன்றும் வாசலுக்கு ஓடுவார். அவரே இப்போது, "ஒரு தடவை போய்க் கடல்ல அவனுக்குப் பால் ஊத்திட்டு வரணும்" என்கிறார்.

நினைவு நாளில் ஊரே அழும். வேறு நாளில் போவதுதான் சரி என்று எனக்குப் படுகிறது. இப்படித் திரும்பிப் போனவர்கள் இருந்தால் சொல்லுங்கள். முதலில் பழைய தெருவுக்குப் போனீர்களா, கரைக்கா? அங்கே படபடப்பு வந்தால் என்ன செய்தீர்கள்? அரசின் மனநல உதவித் தொலைபேசி சேவையான டெலி மானஸ் 14416 எண் தெரியும். அப்புறம், நாகையில் நேரில் பார்க்க நல்ல மனநல ஆலோசகர் யாராவது இருக்கிறார்களா?