கால்ஹோப்பிகன் இறக்கத்தில் ஸ்பைக் அடியில் பனி அப்புகிறது, என்ன மாற்று?

இடம்: நார்வே, யோட்டுன்ஹெய்மன் தேசியப் பூங்கா, கால்ஹோப்பிகன் சிகரம் (2,469 மீ), ஸ்பிட்டர்ஸ்டூலன் விடுதியிலிருந்து ஏறும் பாதை. ஏறும்போது பிரச்சினை இல்லை. இறங்கும்போது வழியிலுள்ள ஸ்வெல்நோசெ முகடு அருகே பனிச்சரிவில் மைக்ரோஸ்பைக் (பூட்ஸ் மேல் மாட்டும் சின்ன முள் சங்கிலி) அடியில் பனி அப்பி இட்லி மாதிரி திரண்டுவிடுகிறது. முள் எதுவும் தரையைத் தொடுவதில்லை, குதிகால் வழுக்குகிறது.

ஜூலை முதல் வாரம். காலையில் பனி கெட்டி, முள் நன்றாகக் கடிக்கிறது. மதியம் 1 மணிக்கு மேல் ஈரமாகி, பத்தடிக்கு ஒருமுறை காலை உதற வேண்டியிருக்கிறது. ஸ்பைக் சங்கிலி வகை, 12 முள், ஒவ்வொன்றும் சுமார் 1 செ.மீ. பூட்ஸ் 43, அடி ஓரளவு வளையும்.

சிலிகான் ஸ்ப்ரே அடித்தாயிற்று, அரை மணி நேரம்கூடத் தாங்கவில்லை. சங்கிலிக்கு நடுவே சைக்கிள் டியூப் வெட்டிக் கட்டினால் முதல் பாறையிலேயே கிழிந்தது. ஊன்றுகோலால் தட்டினால் பனி உதிர்கிறது, ஆனால் சரிவில் கோலைத் தூக்கினால் பிடிமானமே போச்சு. ஸ்பைக்கைக் கழற்றிவிட்டு நடந்தால் மெத்தென்ற இடத்தில் சரி, நிழல் விழும் கெட்டிப் பனியில் ஆபத்து.

யூவாஸ்ஹிட்டா விடுதியிலிருந்து வரும் மற்றொரு வழி வேண்டாம். ஸ்டிக்கெப்ரேயன் பனியாற்றில் வெடிப்புகள் உண்டு, கயிறு கட்டித்தான் கடக்க வேண்டும்.

பனி ஒட்டாத பிளாஸ்டிக் தகடு வைத்த, வார்ப்பட்டையால் கட்டும் 10 முள் கிராம்பான் (பூட்ஸில் கட்டும் நீள முள் சட்டகம்), இப்படி வளையும் பூட்ஸில் கழலாமல் நிற்குமா?