ஐந்தே நிமிடத்தில் நமுத்துப் போகும் வாழைக்காய் பஜ்ஜி

எண்ணெயிலிருந்து எடுக்கும்போது மொறுமொறுவென்றுதான் இருக்கிறது. சட்னியைத் தாளித்துவிட்டு வருவதற்குள் நமுத்துப் போகிறது. பிய்த்துப் பார்த்தால் மேல்தோல் தனியாகக் கழன்று வருகிறது, உட்பக்கம் மாவு பசை மாதிரி ஒட்டியிருக்கிறது. மூன்று ஞாயிறாக இதே கதை.

கடலை மாவு 1 கப், அரிசி மாவு 2 மேசைக்கரண்டி, மிளகாய்த்தூள், பெருங்காயம், உப்பு. மாவு மில்லில் அரைத்தது, சலித்துத்தான் போடுகிறேன். கரைத்தால் தோசை மாவுப் பதம். இரும்பு வாணலி, கடலெண்ணெய், மிதமான தீ, ஈட்டுக்கு நாலு.

அரிசி மாவைக் கால் கப்பாகக் கூட்டினேன். மொறுமொறுப்பு வந்தது, ஆனால் ஆறியதும் தட்டை மாதிரி கடக்கென்றது. சோடா உப்பு ஒரு சிட்டிகை போட்டால் அழகாக உப்புகிறது, எண்ணெயையும் சேர்த்துக் குடிக்கிறது. செய்தித்தாளில் வைத்தால் தாள் கண்ணாடியாகிவிடுகிறது. காய்ந்த எண்ணெய் ஒரு கரண்டி மாவில் ஊற்றினேன், ஐஸ் தண்ணீரில் கரைத்தேன். பெரிய வித்தியாசம் இல்லை. கார்ன்ஃபிளார் போட்டதில் பஜ்ஜி ருசியே போய்விட்டது, அது வேண்டாம்.

இன்னொன்று: வாழைக்காய் கறுக்காமலிருக்க, சீவியதும் தண்ணீரில் போட்டு, எடுத்து உதறிவிட்டு அப்படியே முக்குகிறேன். அதே மாவில் வெங்காய பஜ்ஜி ஓரளவு தேவலை. டீக்கடை பஜ்ஜி அரை மணி நேரம் கழித்தும் விறைப்பாக நிற்கிறதே!

காயின் ஈரம், மாவின் பதம், எண்ணெயின் சூடு, இந்த மூன்றில் நான் முதலில் எதைச் சரிசெய்ய வேண்டும்?