பெத்தாவின் கிளினிக் கொப்பி

படுவான்கரைப் பேரன்:
போன கிழமை பெத்தாவைக் கிளினிக்குக்குக் கூட்டிப் போனேன். வயது 78, சீனி, பிரஷர் இரண்டும் உண்டு. விடிய நான்கு மணிக்கே எழும்பி, கொப்பியைச் சொப்பின் பையில் சுற்றி மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தார். அம்பிளாந்துறையில் பாதை (மட்டக்களப்பு வாவியைக் கடக்கும் படகு) ஏறி, குருக்கள்மடத்தில் இறங்கி, பிறகு பஸ். போய்ச் சேர்ந்தபோது எங்கள் நம்பர் 94.

டாக்டரைக் குறை சொல்ல மாட்டேன், பொறுமையாகத்தான் பார்த்தார். மருந்து ஜன்னலில்தான் சிக்கல். ஐந்தில் இரண்டுதான் இருந்தது. மற்றவற்றை வெளியில் வாங்கத் துண்டு எழுதிக் கொடுத்தார்கள். 2,340 ரூபாய். பெத்தாவின் முதியோர் கொடுப்பனவில் ஏறக்குறைய பாதி.

வரிசையில் ஒருவர், "எல்லாம் சும்மா கிடைப்பதால்தான் இந்தச் சனம். வசதியானவர்களிடமாவது காசு வாங்க வேண்டும்" என்றார். பெத்தா திரும்பிப் பார்த்து, "காசு வாங்கினால் மருந்து வந்துவிடுமா மனே?" என்று கேட்டார். அதற்குப் பிறகு அந்த மனிதர் வாய் திறக்கவில்லை.

அக்கரைப்பற்று மகள்:
அந்த மனிதர் சொன்னதிலும் நியாயம் உண்டு. என் வாப்பா ஓய்வுபெற்ற அதிபர். கிளினிக் வரிசையில் நிற்க முடியாமல் பின்னேரம் தனியாரில் காசு கட்டி டாக்டரைச் சனல் பண்ணிப் பார்க்கிறார். காலையில் அரசாங்க ஆஸ்பத்திரியில் இலவசமாகப் பார்க்கும் அதே டாக்டர்தான்! அந்தக் காசை ஆஸ்பத்திரிக்கே கொடுக்கத் தயார் என்கிறார் வாப்பா.

ஓய்வுபெற்ற தாதி:
மகள், உங்கள் வாப்பாவுக்கு ஓய்வூதியம் வருகிறது. வயலும் கடலும் பார்த்து முதுமையடைந்தவர்களில் பலருக்கு அது கிடையாது. 1951இல் அரசு ஆஸ்பத்திரிகளில் கட்டணத்தை நீக்கினார்கள். திரும்பக் கொண்டுவந்தால், யார் வசதியானவர் என்று பிரிப்பது யார்? கிழவிகள் கிராம உத்தியோகத்தரின் கடிதத்துக்கு அலைய வேண்டிவரும். மருந்தில் பெரும்பங்கு வெளிநாட்டில் இருந்து வருகிறது. 2022இல் டொலர் இல்லாமல் போனபோது வெறும் தட்டுகளைத்தான் பார்த்தோம். நோயாளி தரும் ஐம்பது, நூறு ரூபாயால் அவை நிறைந்திருக்காது.

தம்பி, துண்டில் வணிகப் பெயர் இருந்தால் மருந்தின் பொதுப் பெயரைக் கேட்டு எழுதி வாங்குங்கள். அரச மருந்துக் கடையான ஒசுசலவில் விலை குறையலாம்.

படுவான்கரைப் பேரன்:
நன்றி அக்கா. நேற்றுத்தான் இன்னொன்று தெரிந்தது. வாங்கிக் கொடுத்த குளிசைகளைப் பெத்தா பாக்குவெட்டியால் பாதியாக வெட்டி, பழைய பால்மா டின்னில் போட்டு வைத்திருக்கிறார். கேட்டால், "இரண்டு மாதத்துக்கு வரும்" என்கிறார்.