பவளமல்லி முழுக்க இலை கொட்டிவிட்டது, பட்டுப்போய்விட்டதா?

மாடித்தோட்டக்காரி:
திருச்சியில் மொட்டை மாடியில், பாதியாக அறுத்த ட்ரம்மில் பவளமல்லி இருக்கிறது. மூன்று வருஷச் செடி. கார்த்திகை வரை விடிந்தால் தரையெல்லாம் பூதான். மாசிக் கடைசியில் இலை பழுத்து உதிர ஆரம்பித்தது, இப்போது பங்குனியில் வெறும் குச்சி. வெயில் தாங்கவில்லை போல என்று இரண்டு வேளையும் தண்ணீர் ஊற்றுகிறேன். போன வாரம் கடலைப்புண்ணாக்குக் கரைசலும் கொடுத்தேன். ஒரு துளிர்கூட இல்லை. மாமியார் கையால் வைத்த செடி, பிடுங்க மனசு வரவில்லை.

வேம்பு:
பூச்சியாக இருக்கும். வேப்பெண்ணெய் அடியுங்கள்.

காவிரிக்கரை:
இலையே இல்லாத குச்சியில் எதற்கு வேப்பெண்ணெய்? அக்கா, பவளமல்லி இலையுதிர்க்கும் சாதி. கோடைக்கு முன் மொட்டையாவது அதன் வழக்கம். குச்சியை நகத்தால் லேசாகக் கீறுங்கள். தோலுக்கு அடியில் பச்சை இருந்தால் உயிர் இருக்கிறது. நுனியில் ஆரம்பித்துக் கீழே வரைக்கும் பாருங்கள்.

எனக்குப் பயம் உங்கள் தண்ணீர் மேல்தான். இலை இல்லாத செடி அதிகம் குடிக்காது. ட்ரம் ஓட்டை திறந்திருக்கிறதா?

மாடித்தோட்டக்காரி:
கீறினேன் தம்பி. நுனியில் ஒரு சாண் அளவுக்குப் பழுப்பு, முறித்தால் படக்கென்று ஒடிகிறது. அதற்குக் கீழே பச்சை! ஓட்டையை வேர் அடைத்திருந்தது. கம்பியால் குத்தினதும் கறுப்பாகத் தண்ணீர் வடிந்தது, சாக்கடை நாற்றம்.

காவிரிக்கரை:
நல்லவேளை. பழுப்பை எல்லாம் பச்சை தெரியும் இடம் வரை வெட்டிவிடுங்கள். மேல்மண் இரண்டு அங்குலம் காய்ந்த பிறகுதான் தண்ணீர். துளிர் வரும்வரை புண்ணாக்கு வேண்டாம், அழுகின வேருக்கு அது இன்னும் கெடுதல். காய்ந்த காய் ஏதாவது தொங்குகிறதா? காசு மாதிரி தட்டையாக, உள்ளே இரண்டு விதை இருக்கும். எதற்கும் எடுத்து விதைத்து வையுங்கள்.

மல்லிகைப்பந்தல்:
ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். கவாத்து, அதாவது கிளை வெட்டுவதை, இப்போதே செய்துவிடுங்கள். பூ புதுக்கிளை நுனியில்தான் வரும். நான் ஒரு தடவை ஆடியில் அழகு பார்த்து வெட்டிவிட்டு, அந்த வருஷம் பூவே பார்க்கவில்லை. வங்காளத்தில் இதை ஷியூலி என்பார்கள், துர்கா பூஜை சமயத்துப் பூ. அந்த நேரத்தில் என் செடி வெறும் இலையாக நின்றது!

மாடித்தோட்டக்காரி:
சித்திரை பிறந்து பத்து நாள் ஆச்சு. வெட்டின இடத்துக்குக் கீழே, நாலு மூலையோடு சதுரமாக இருக்கும் குச்சியில் எதிரெதிராக இரண்டு துளிர். குண்டூசித் தலை அளவுதான். விதை இரண்டும் இன்னும் முளைக்கவில்லை. மாமியாரைப் படியேற்றிக் கூட்டி வந்து காட்டினேன். "நான்தான் அப்பவே சொன்னேனே" என்கிறார். எப்போது சொன்னார் என்று தெரியவில்லை.